உடம்பெல்லாம் வலிக்குது டாக்டரம்மா: ஓ.பி.யில் அசதியையும் மனச்சோர்வையும் பிரித்துப் பார்ப்பது எப்படி

எங்கள் ஆரம்ப சுகாதார நிலையம் மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில், தேனி மாவட்டத்தில் இருக்கிறது. இங்கே வருகிற பெண்களில் நிறையப் பேர் ஏலத்தோட்ட வேலைக்குப் போகிறவர்கள். விடியுமுன் எழுந்து சோறு கட்டி, ஜீப்பில் நெருக்கியடித்து ஏறினால் இடுக்கிப் பக்கம் மலையில் வேலை, இருட்டும்போது வீடு. அப்படிப்பட்ட ஒருத்தி காலை பத்து மணிக்கு ஓ.பி. சீட்டோடு நிற்கிறாள் என்றால் ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு நிற்கிறாள் என்று அர்த்தம். முதலில் அதை மனதில் வையுங்கள்.

அவள் சொல்வது பெரும்பாலும் ஒரே பாட்டுதான். "மேலெல்லாம் வலி, ஒரே அலுப்பு, தலை கிறுகிறுங்குது, நெஞ்சு படபடங்குது, தூக்கம் இல்ல." புதிதாக வருகிற பயிற்சி மருத்துவர்கள் என்னைத் திரும்பிப் பார்ப்பார்கள். "மேடம், எல்லாம் வலிக்குதுன்னு சொல்றாங்க, என்ன எழுத?" நான் ஒன்றும் சொல்லாவிட்டால் ஒரு டைக்ளோபினாக் வலி ஊசி, பி காம்ப்ளெக்ஸ், ஒரு கேஸ் மாத்திரை எழுதி அனுப்பிவிடுவார்கள். ஆரம்பத்தில் நானும் அதைத்தான் செய்தேன். இருபது வருஷத்தில் கற்றுக்கொண்டதைக் கீழே எழுதுகிறேன். இது மருத்துவர்களுக்கான குறிப்பு. மற்றவர்கள் படிக்கலாம், ஆனால் மாத்திரைப் பெயரைப் பார்த்துக் கடையில் போய் வாங்கிவிடாதீர்கள்.

நேரம்தான் முதல் பிரச்சினை. நூற்றிருபது பேர் வரிசையில் நிற்கும்போது ஒருவரோடு அரை மணி நேரம் பேச முடியாது. நான் இரண்டாகப் பிரித்துக்கொள்வேன். முதல் சந்திப்பில் ஆறேழு நிமிடம்: பேச விடுவது, உடம்பைப் பார்ப்பது, ரத்தப் பரிசோதனைக்கு அனுப்புவது. "ரிசல்ட் வரட்டும், கூட்டம் குறைஞ்சதும் கூப்பிடுறேன், உட்காருங்க" என்று சொல்லி வைப்பேன். பன்னிரண்டரைக்கு மேல் இரண்டாம் சந்திப்பு. அதற்குள் மாமியாரோ வீட்டுக்காரரோ டீ குடிக்க வெளியே போயிருப்பார்கள், அதுவும் நல்லதுக்குத்தான். இன்னொரு நாள் வரச் சொன்னால் வரமாட்டார்கள், இன்னொரு கூலி போகும். உடம்பு, மனது இரண்டு விசாரணையும் அன்றைக்கே முடிய வேண்டும் என்று நான் அடம்பிடிப்பதற்கு அதுதான் காரணம்.

முதல் ஒரு நிமிடம் குறுக்கிடாதீர்கள். சொல்கிற வரிசையையும் கவனியுங்கள். வலி எங்கே என்று கேட்டால் ஒரு விரலால் ஒரு இடத்தைத் தொட்டுக் காட்டுகிறவருக்கு அந்த இடத்தில் தேடுங்கள். உள்ளங்கையை விரித்துத் தலையிலிருந்து கால்வரை தடவிக் காட்டுகிறவரிடம் தேட வேண்டிய பரப்பு பெரிது. சில சொற்கள் இங்கே இரட்டைப் பொருளோடு வரும். "வெள்ளைப்படுது, அதனாலதான் இடுப்பெல்லாம் விட்டுப்போச்சு" என்பார்கள். அடிவயிற்றில் வலி, நாற்றம், அரிப்பு இருந்தால் அதற்கு உரிய சிகிச்சை கொடுக்கத்தான் வேண்டும். ஒன்றும் இல்லாமல் மாதக்கணக்கில் இதையே சொன்னால் மனதை விசாரியுங்கள். கோவாவில் விக்ரம் படேலின் குழு பெண்களிடம் நடத்திய ஆய்விலும் இந்தப் புகாருக்கும் மனச்சோர்வு, பதற்றத்துக்கும் நெருங்கிய தொடர்பு தெரிந்தது. ஆண்கள் பக்கம் இதற்கு ஒரு சோடி உண்டு: "தாது (விந்து) போகுது, அதனால பலமே இல்ல." ராத்திரி பதினொரு மணிக்கு மேல் டிவியில் லேகியம் விற்கிறவர்கள் இந்த பயத்தில்தான் பிழைக்கிறார்கள். சிரித்துவிடாதீர்கள், அந்தப் பையன் ஆறு மாதம் யோசித்து உங்களிடம் வந்திருப்பான்.

சரி, உடம்புக்கு வருவோம். கண் இமையின் உட்புறம், நாக்கு, நகம், கழுத்து, நாடி, எடை. எடை போட மறக்காதீர்கள். பழைய சீட்டில் 52 கிலோ என்றும் இன்றைக்கு 45 என்றும் இருந்தால் பாதி வேலை முடிந்தது. இரண்டு வார இருமல், சாயங்காலக் காய்ச்சல், ராத்திரி வியர்வை கேளுங்கள். காசநோய் இன்னும் நம்மை விட்டுப் போகவில்லை. ரத்த அழுத்தம், சர்க்கரை, ஹீமோகுளோபின் மூன்றும் நம்மிடமே பார்த்துவிடலாம். தைராய்டுக்கு டி.எஸ்.எச். என்ற ரத்தப் பரிசோதனை எழுதுங்கள். கால் எரிகிறது, மதமதப்பு என்றால் பி12 குறைவை நினையுங்கள், முக்கியமாக பல வருஷமாகச் சர்க்கரைக்கு மெட்ஃபார்மின் சாப்பிடுகிறவர்களிடம். மருந்துப் பையைக் கொட்டிப் பார்க்கச் சொல்லுங்கள். பிரஷருக்கும் படபடப்புக்கும் கொடுக்கிற ப்ரோப்ரனலால் அசதி தரும். மூட்டு வலிக்குக் கடையில் பொட்டலமாகக் கட்டித் தருகிற மாத்திரையில் ஸ்டீராய்டு இருக்கலாம். முகம் உருண்டு, கை கால் மட்டும் மெலிந்திருந்தால் சந்தேகப்படுங்கள்.

எங்கள் ஊருக்கே உரிய ஒன்று உண்டு. ஏலத்துக்குப் பூச்சிமருந்து அடிக்கிறவர்கள் தலைவலி, வியர்வை, எச்சில் ஊறுவது, வயிற்றுப்போக்கு, கண் மங்கல் என்று வருவார்கள். கண்மணி சுருங்கியிருக்கிறதா என்று டார்ச் அடித்துப் பாருங்கள். "நேத்து மருந்து அடிச்சீங்களா, அந்தச் சட்டையை மாத்துனீங்களா?" என்று கேட்காமல் இந்த நஞ்சுப் பாதிப்பைப் பதற்றம் என்று எழுதிவிடக் கூடாது.

ரத்தசோகையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அதில்தான் நாம் ஏமாறுகிறோம். கர்ப்பமில்லாத பெண்ணுக்கு ஹீமோகுளோபின் 12-க்குக் கீழ் போனால் ரத்தசோகை, கர்ப்பத்தில் 11. தேசிய குடும்ப நல ஆய்வின் 2019-21 கணக்கில் 15 முதல் 49 வயதுவரை உள்ள இந்தியப் பெண்களில் 57 சதவீதம் பேருக்கு இது இருக்கிறது. அப்படியென்றால் அசதி என்று வருகிற யாருக்குப் பார்த்தாலும் கிடைக்கும். கிடைத்ததும் "ஆ, காரணம் இதுதான்" என்று தேடலை நிறுத்திவிடுகிறோம். 10 இருக்கிற ஒருத்தி நன்றாக மலையேறி வேலை செய்வாள், அதே 10 இருக்கிற இன்னொருத்தி பாயைவிட்டு எழ மாட்டாள். இரும்புச்சத்து மாத்திரை, பூச்சி மாத்திரை கொடுங்கள், மாதவிடாய் அதிகமா என்று கேளுங்கள், ஒரு மாதம் கழித்து ஒரு கிராமாவது ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். ஆனால் மனதைப் பற்றிய கேள்விகளை அதற்காகத் தள்ளிப்போடாதீர்கள். இரண்டும் ஒரே ஆளுக்கு இருக்கலாம்.

எதிர்ப்பக்கத் தவறும் நான் செய்ததுதான். நாற்பது தாண்டிய ஒரு அக்கா. எதிலும் ஈடுபாடு இல்லை, மந்தம், மறதி, அழுகை. மகன் ஊரைவிட்டுப் போன கதையும் இருந்தது. கதை இருந்ததே எனக்குப் போதுமாகிவிட்டது, மனச்சோர்வு மாத்திரை ஃப்ளுஆக்ஸெடின் எழுதினேன். மூன்று மாதம் ஒரு மாற்றமும் இல்லை, நானும் அளவைக் கூட்டினேன். கடைசியில் கண்டுபிடித்தது மருந்து கொடுக்கிற இடத்தில் உட்காரும் அண்ணன். "டாக்டரம்மா, அந்தப் பொம்பளைக்குக் குரல் ஆம்பளை மாதிரி ஆகிக்கிட்டு வருது, கவனிச்சீங்களா?" அழைத்துப் பார்த்தால் நாடி 54, தோல் மரப்பட்டை, மலச்சிக்கல், கணுக்காலில் தட்டினால் பாதம் ஆடி அசைந்து மெதுவாகத் திரும்புகிறது. டி.எஸ்.எச். 100-க்கு மேல், அதாவது தைராய்டு சுரப்பு மிகக் குறைவு. வெறும் வயிற்றில் தைராக்ஸின் ஆரம்பித்து சில வாரத்தில் ஆளே மாறிவிட்டார். இன்றைக்கும் எங்கே பார்த்தாலும் என்னைத்தான் கும்பிடுகிறார். அந்த அண்ணனைக் கும்பிட வேண்டும்.

இரண்டாம் சந்திப்பில் "மன அழுத்தமா இருக்கா?" என்று ஆரம்பிக்காதீர்கள். "அதெல்லாம் இல்லங்க" என்ற பதில்தான் வரும், பைத்தியம் என்கிறார்களோ என்ற பயமும் கூடவே வரும். நான் உடம்பிலிருந்து உள்ளே போவேன். "இவ்வளவு வலியோட இருந்தா மனசு எப்படிம்மா இருக்கும்?" பிறகு இரண்டு முக்கியக் கேள்விகள், கடந்த இரண்டு வாரத்தைப் பற்றி: "பெரும்பாலான நாள் மனசு விட்டுப்போன மாதிரி, அழுகை வர்ற மாதிரி இருக்கா?" "முன்னாடி பிடிச்ச விஷயம், டிவி, கோயில், பேரப்பிள்ளை, இதுல இப்ப மனசு போகாம இருக்கா?" இரண்டில் ஒன்றுக்காவது ஆமாம் என்றால் மற்றதைக் கேளுங்கள். தூக்கம் (படுத்ததும் வரவில்லையா, இல்லை மூன்று மணிக்கே விழிப்பு வந்துவிடுகிறதா), பசி, அசதி, கவனம், நடை பேச்சில் மந்தமோ பரபரப்போ, தன்னையே குறைசொல்லிக்கொள்வது, சாவு எண்ணம். கவனத்துக்கு நான் கேட்பது: "அடுப்புல பால் பொங்கி ஊத்துறதுகூடத் தெரியாம நிக்கிறீங்களா?" குற்ற உணர்வுக்கு: "நம்மாலதான் எல்லாருக்கும் கஷ்டம்னு தோணுதா?" ஒன்பதில் ஐந்தாவது, அதில் முதல் இரண்டில் ஒன்றாவது, இரண்டு வாரம் கிட்டத்தட்ட தினமும் இருந்து, வேலையையும் வீட்டையும் பாதித்தால் அது மனச்சோர்வு நோய். இதே ஒன்பதையும் கேட்டு மனச்சோர்வை அளக்கிற பி.எச்.க்யூ-9 தாளில் மதிப்பெண் போடலாம்: மொத்தம் 27, 10 அல்லது அதற்கு மேல் போனால் அக்கறையாகப் பாருங்கள், 20 அல்லது அதற்கு மேல் என்றால் கடுமையானது. எனக்கு அந்தத் தாள் நோயைக் கண்டுபிடிப்பதைவிட, அடுத்த மாதம் குறைந்திருக்கிறதா என்று ஒப்பிடத்தான் அதிகம் உதவுகிறது.

சாவு எண்ணத்தைக் கேட்கும்போது நம் நாக்குதான் இழுக்கும். கேட்டால் இல்லாத எண்ணத்தை நாமே விதைத்துவிடுவோம் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி ஆவதில்லை. கேட்டதும் பெருமூச்சு விட்டு அழுகிறவர்களைத்தான் அதிகம் பார்த்திருக்கிறேன். படிப்படியாகப் போங்கள். "எதுக்கு இருக்கணும்னு தோணுமா?" ஆமாம் என்றால், "செத்துப்போயிரலாம்னு நினைச்சிருக்கீங்களா?" அப்புறம், "எப்படின்னு யோசிச்சு வச்சிருக்கீங்களா? முன்னாடி எப்பவாவது முயற்சி பண்ணுனீங்களா?" திட்டம் இருக்கிறது, முன்பே முயற்சி இருக்கிறது, யாரோ கூப்பிடுகிற குரல் கேட்கிறது என்றால் தனியே வீட்டுக்கு அனுப்பாதீர்கள். கூட ஒரு ஆளை வைத்து அன்றைக்கே மனநல மருத்துவரிடம் அனுப்புங்கள். மற்றவர்களுக்கு, வீட்டில் உள்ள பூச்சிமருந்தை வெளியே எடுத்துப் பூட்டி வைக்க உறவினரிடம் சொல்லுங்கள், மாத்திரையை ஒரு வாரத்துக்கு மட்டும் கொடுங்கள், அதையும் உறவினர் கையில். அரசின் மனநல உதவித் தொலைபேசியான டெலிமானஸ் எண் 14416-ஐச் சீட்டில் பெரிதாக எழுதுங்கள், எந்த நேரமும் பேசலாம், தமிழிலும் பேசுவார்கள். தற்கொலைக்கு முயன்றால் போலீஸ் கேஸ் ஆகிவிடும் என்று குடும்பம் மறைக்கும். 2017-ம் வருட மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 115-வது பிரிவு, அப்படி முயன்றவர் கடும் மன உளைச்சலில் இருந்ததாகவே கருத வேண்டும், தண்டிக்கக் கூடாது என்கிறது. இதை எடுத்துச் சொன்னாலே பாதி உண்மை வெளியே வரும்.

மாத்திரை எழுதுமுன் இன்னும் மூன்று கேள்வி. ஒன்று, "எப்பவாவது பல நாள் தூக்கமே தேவைப்படாம, ஓயாம பேசி, தாறுமாறா செலவு பண்ணி, ஊரே வியக்கிற மாதிரி இருந்தீங்களா?" கூட வந்தவரிடமும் கேளுங்கள். ஆமாம் என்றால் அது இருதுருவ நோயாக இருக்கலாம். சோர்வு மாத்திரையை மட்டும் கொடுத்தால் மறுபக்கம் எகிறிவிடும், மனநல மருத்துவரிடம் அனுப்புங்கள். இரண்டு, கர்ப்பமா, பாலூட்டுகிறாரா. பிரசவமாகிச் சில நாளில் தாய் தூங்காமல் சம்பந்தமில்லாமல் பேசினால் அது அவசரம், அன்றைக்கே அனுப்புங்கள். மூன்று, குடி.

குடி என்றதும் ஆண்களைப் பற்றித்தான் சொல்ல வேண்டியிருக்கிறது, கொஞ்சம் நீளும். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், காலில் புண்ணும் காய்ச்சலுமாக ஒருவரை வார்டில் சேர்த்தோம். மூன்றாம் நாள் ராத்திரி எழுந்து சுவரில் பூரான் ஊர்கிறது என்று அடிக்க ஆரம்பித்தார். சொந்தக்காரர்கள் முனி அடித்துவிட்டது என்று கோயிலுக்குக் கொண்டுபோகத் தயார். நானோ பைத்தியம் என்று நினைத்து மனநோய்க்கான ஹாலோபெரிடால் ஊசி மட்டும் போட்டேன். விடியுமுன் வலிப்பு வந்தது. நல்லவேளை, பிழைத்துக்கொண்டார். பல வருஷமாக தினமும் குடித்தவர், படுத்ததால் குடி நின்றுபோனது. நான் கேட்கவே இல்லை.

ஆகவே வார்டில் சேரும் ஒவ்வொரு ஆணிடமும், "கடைசியா எப்ப குடிச்சீங்க?" என்று மணிக்கணக்கோடு கேட்டு எழுதுங்கள். "குடிப்பீங்களா?" என்றால் "எப்பவாவதும்மா" என்பார்கள். நிறுத்திய 6 மணி நேரத்திலிருந்து கை நடுக்கம், வியர்வை, படபடப்பு தொடங்கும். முதல் 48 மணி நேரத்துக்குள் வலிப்பு வரலாம். 48-லிருந்து 96 மணிக்குள் குழப்பம், இல்லாத பூச்சி பாம்பு தெரிவது, காய்ச்சல், நாடி ஓட்டம். இதில் உயிரே போகலாம். மருந்து டயஸெபாம் அல்லது குளோர்டயஸெபாக்சைடு, ஈரல் கெட்டிருந்தால் லோரஸெபாம். க்ளுக்கோஸ் பாட்டில் ஏற்றுமுன் தயமின் (வைட்டமின் பி1) ஊசி போடுங்கள், வரிசை மாறினால் மூளை பாதிக்கலாம். இந்தக் குழப்ப நிலை வந்துவிட்டால் ஆரம்ப சுகாதார நிலையத்தில் வைத்துப் பார்க்க வேண்டாம். இன்னொன்று: நாள், இடம், ஆள் தெரியாமல், ஒரு நேரம் தெளிவாகவும் ஒரு நேரம் குழப்பமாகவும், கண்ணுக்கு உருவங்கள் தெரிகிற எவருக்கும் முதலில் உடம்பில் காரணம் தேடுங்கள். சர்க்கரை குறைவு, சோடியம் குறைவு, நோய்த்தொற்று, தலையில் அடி. வயதானவர்களுக்குச் சிறுநீர்த் தொற்று போதும்.

படபடப்பைச் சுருக்கமாக முடித்துவிடுகிறேன். திடீரென்று நெஞ்சு அடைத்து, மூச்சு முட்டி, கை மதமதத்து, செத்துவிடுவேன் என்று தோன்றி, பத்து நிமிடத்தில் உச்சத்துக்குப் போய் அரை மணியில் இறங்கினால் அது பெரும்பாலும் பீதித் தாக்குதல். ஆனாலும் ஈ.சி.ஜி. எடுக்காமல் அந்த வார்த்தையை எழுதாதீர்கள், சர்க்கரைக்காரர்களிடமும் நாற்பது தாண்டியவர்களிடமும் முக்கியமாக.

இனி சிகிச்சை. நம் துறையிலேயே மோசமான வாக்கியம் "உங்களுக்கு ஒண்ணும் இல்ல" என்பதுதான். வலி நிஜம், அவளுக்கு வலிக்கிறது. நான் சொல்வது: "ரத்தத்துல பெரிய கோளாறு இல்ல, நல்ல விஷயம். ஆனா வலி பொய் இல்லம்மா. ரொம்ப நாள் பாரம் சுமந்தா மூளையில ரசாயனம் குறையும், தூக்கம் கெடும், தூக்கம் கெட்டா வலி கூடும். இதுக்கு மருந்து இருக்கு." ரசாயனக் கதை கொஞ்சம் எளிமைப்படுத்தியதுதான், பேராசிரியர்கள் மன்னிக்கட்டும். ஓ.பி.யில் அது வேலை செய்கிறது.

ஃப்ளுஆக்ஸெடின் 20 மி.கி. காலையில் சாப்பாட்டுக்குப் பின், அல்லது எஸ்ஸிட்டலோப்ராம் முதல் வாரம் 5, பிறகு 10 மி.கி. பாலூட்டுகிறவருக்கு செர்ட்ரலின். வயதானவருக்குப் பாதி அளவில் தொடங்குங்கள், ரத்தத்தில் சோடியம் குறைகிறதா என்று பாருங்கள். இவை வலி மாத்திரையோடு சேர்ந்தால் வயிற்றில் ரத்தக்கசிவு கூடும், அதனால் டைக்ளோபினாக்கை நிறுத்துங்கள். அமிட்ரிப்டிலின் குறைந்த அளவில் வலிக்கும் தூக்கத்துக்கும் நல்லது, ஆனால் அதிகம் விழுங்கினால் இதயத்தைத் தாக்கும், சாவு எண்ணம் இருப்பவர் கையில் கொடுக்காதீர்கள். 25 வயதுக்குக் கீழ் உள்ளவர்களுக்கு ஆரம்பத்தில் சாவு எண்ணம் கூடலாம், முதல் சில வாரம் அடிக்கடி பாருங்கள். முதல் வாரத்தில் குமட்டல், தலைவலி, கொஞ்சம் பரபரப்பு வரும். இதைச் சொல்லாமல் அனுப்பினால் நான்காம் நாள் மாத்திரை குப்பைக்குப் போகும். பலன் தெரிய இரண்டு முதல் நான்கு வாரம் ஆகும் என்பதையும் சொல்லிவிடுங்கள். "தூங்குறதுக்கு ஏதாவது குடுங்க" என்று கெஞ்சுவார்கள். டயஸெபாம், அல்ப்ரஸோலம் கொடுத்தே ஆக வேண்டுமென்றால் இரண்டு வாரம், அதற்கு மேல் வேண்டாம். ஒரு பாட்டி பதினாலு வருஷமாக அரை அல்ப்ரஸோலத்தில் தூங்குகிறார். தொடங்கியவர் யாரோ, குறைக்கப் பாடுபடுவது நான்.

மாத்திரையோடு ஒரு சிறு வேலையும் எழுதிக் கொடுப்பேன். "வாக்கிங் போங்க, யோகா பண்ணுங்க" என்று மலையேறி இறங்குகிறவளிடம் சொல்வது கேலி. முன்பு செய்து, இப்போது விட்டுப்போன ஒன்றைக் கேட்டு அதைக் கொடுங்கள். பூக் கட்டுவது, வெள்ளிக்கிழமை தங்கச்சி வீட்டுக்குப் போவது, ஞாயிறு தலைக்கு எண்ணெய் வைப்பது. நாளும் நேரமும் போட்டு எழுத வேண்டும், "முடிஞ்சா செய்யுங்க" என்றால் முடியாது. மனது வந்த பிறகு செய்யலாம் என்று காத்திருந்தால் வராது, செய்யச் செய்யத்தான் வரும்.

வீட்டில் அடி விழுகிறதா என்று தனியே கேளுங்கள். விழுகிறது என்றால் மாத்திரையால் அது நிற்காது. பெண்கள் உதவி எண் 181.

திரும்ப எப்போது வரச் சொல்வது? முதல் இரண்டு வாரத்தில் ஒரு முறை, பிறகு மாதம் ஒரு முறை. கூலி போகும் என்பதால் செவ்வாய் கர்ப்பிணிகள் நாளில் மகளோடு வருகிறவளுக்கு அன்றைக்கே, சந்தை நாளில் வருகிறவளுக்கு அன்றைக்கே என்று பொருத்திக்கொள்வேன். மக்களைத் தேடி மருத்துவத்தில் வீட்டுக்குப் பிரஷர் மாத்திரை கொண்டுபோகிற அக்காவிடம், "அந்த வீட்டுல எந்திரிச்சு வாசல் தெளிக்கிறாங்களா?" என்று மட்டும் கேட்பேன். பி.எச்.க்யூ மதிப்பெண்ணைவிட அது சில நேரம் சரியாகச் சொல்லும். ஆறு வாரம் சரியான அளவில் கொடுத்தும் அசையவில்லை என்றால் முதலில் மாத்திரை உள்ளே போகிறதா என்று பாருங்கள், பிறகு நோயறிதலை மறுபடி கேள்வி கேளுங்கள், பிறகு மாவட்ட மனநலத் திட்ட மருத்துவரிடம் அனுப்புங்கள்.

நன்றாக ஆனதும் நிறுத்திவிடுவதுதான் கடைசித் தொல்லை. குணமான பிறகும் ஆறிலிருந்து ஒன்பது மாதம் தொடர வேண்டும், நிறுத்தும்போதும் சில வாரங்களில் படிப்படியாக. போன மாதம் ஒரு அக்கா வந்தார், மாத்திரை தொடங்கி ஐந்தாவது மாதம். வலி இல்லை, தூக்கம் வருகிறது, எடை மூன்று கிலோ கூடியிருக்கிறது. "நிறுத்திரவா டாக்டரம்மா?" என்றார். இன்னும் ஏலப் பழம் எடுப்பு முடியவில்லையே, அந்த நேரத்தில் மறுபடி படுத்தால் கூலி போகுமே என்றேன். கொஞ்சம் யோசித்தார். "சரி, பழம் எடுப்பு முடியட்டும்" என்று சீட்டை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு போனார். சீட்டின் பின்பக்கம் எழுதி வைத்திருக்கிறேன்: பழ எடுப்பு முடிந்ததும் எடை, ஹீமோகுளோபின், அதே ஒன்பது கேள்வி.